வதிவிடம்: நகருந்தோட்டம்

ஜீ.எஸ். எனப்படும் கிராம சேவகரின் வேலை, இந்த ஆள் இந்த இடத்தில்தான் குடியிருக்கிறார் என்று எழுதி, கையெழுத்து வைத்து, சீல் குத்திக் கொடுப்பது. மற்ற வேலைகளெல்லாம் இதற்குப் பிறகுதான். வெயிலில் கியூவில் நின்று, முறை வந்த நேரத்தில் "ஜீ.எஸ். வெளியில போயிட்டார்" என்ற பதிலைக் கேட்டுத் திரும்பிய வாசகர்களே, உங்கள் வயிற்றெரிச்சல் எனக்கு விளங்கும். ஆனால் மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவனும் பாவம்தான். எனக்குக் கொடுத்த பிரிவில் ஆட்கள் இருந்தார்கள், இடம்தான் இருக்கவில்லை.

கொழும்பில், கொட்டாஞ்சேனைக்கும் முகத்துவாரத்துக்கும் நடுவே நூற்றுச்சொச்சம் வீடுகள். அரசாங்கக் கடிதங்களில் அதற்கு வேறு பெயர். சனம் சொல்வது நகருந்தோட்டம். அங்கே ஒழுங்கைகள் காலையில் ஒரு பக்கம் போகும், மத்தியானம் இன்னொரு பக்கம் போகும். வீடுகள் இடம் மாறும். சில வீடுகள் தோட்டத்தை விட்டே வெளிக்கிட்டு, ஹெவ்லொக் டவுனிலோ இரத்மலானையிலோ ஒரு வெறுங்காணியைக் கண்டு குந்திக்கொள்ளும். இரண்டு நாள் இருந்துவிட்டு மனம் வந்தால் திரும்பி வரும். ஒரு பீங்கான் உடையாது, தொட்டிலில் கிடக்கும் பிள்ளை எழும்பாது. ஏன் இப்படி என்று நான் கேட்டபோது, ஏன் மழை பெய்கிறது என்று கேட்டவனைப் பார்க்கிற மாதிரிப் பார்த்தார்கள்.

கந்தோரைக் காணவில்லை

வெள்ளவத்தையிலிருந்து பஸ் ஏறி, புதுச் சேர்ட்டும் புதுச் சீலுமாக முதல் நாள் போய் இறங்கினேன். கந்தோர் என்பது ஒரு அறை, ஒரு மேசை, இரண்டு கதிரை, சுவரில் ஒரு பல்லி. எதிர்வீட்டுக்காரரிடம் என்னை அறிமுகப்படுத்திக்கொள்ளலாம் என்று வெளியே வந்தேன். ஐந்து நிமிடம் கதைத்திருப்பேன். திரும்பிப் பார்த்தால் கந்தோர் இருந்த இடத்தில் ஒரு குளிக்கிற கிணறு. நாலு பேர் சோப்புப் போட்டுக்கொண்டு நின்றார்கள்.

என் பையும் சாப்பாட்டுப் பார்சலும் கந்தோரோடு போய்விட்டன. அழுகை வரும்போல இருந்தது. அப்போதுதான் தபால்காரர் பியதாச சைக்கிளில் வந்தார். அந்தத் தோட்டத்தில் இருபது வருடமாகக் கடிதம் கொடுப்பவர், சிங்களவர், தமிழைத் தனக்கேற்ற மாதிரி வெட்டி வெட்டிப் பேசுவார். இந்த இடத்தில் எப்படி ஒருவர் முகவரியைக் கண்டுபிடிப்பது என்று கேட்டேன். சைக்கிளை விட்டு இறங்காமலே சொன்னார்:

"மாத்தயா, நான் வீட்டுக்குக் கடிதம் குடுக்கிறது இல்லை. மூஞ்சிக்குத்தான் குடுக்கிறது."

வரைபடம்

நான் அப்போது இளந்தாரி. இருபது வருடம் ஒருவரும் செய்யாததை நான் செய்து காட்டுவேன் என்று நினைத்துக்கொண்டேன். ஒரு கிழமை அலைந்து, அடிக்கோல் வைத்து, அழியாத இந்தியன் இங்க் மையில் ஒரு வரைபடம் கீறினேன். ஒழுங்கைக்கு ஒழுங்கை, வீட்டுக்கு வீடு. மாதா சுருவத்தைக்கூட விடவில்லை. கீறி முடித்த அன்று காலை பத்தே கால் வரைக்கும் அது முழுக்க முழுக்கச் சரியாக இருந்தது.

அதைச் சுருட்டிக்கொண்டு பிரதான கந்தோருக்குப் போய், அங்கே தலைமை லிகிதராக இருந்த நடராசா ஐயாவின் மேசையில் விரித்தேன். ஓய்வுக்கு இரண்டு வருடம் இருந்த மனிதர், எதற்கும் அவசரப்படமாட்டார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, குனிந்து, நெடுநேரம் பார்த்தார். பாராட்டப்போகிறார் என்று காத்துக்கொண்டு நின்றேன்.

"தம்பி, வடிவாத்தான் கீறியிருக்கிறீர். பென்சிலால கீறியிருக்கலாமே?"

உலை

இரண்டாம் மாதம்தான் ஒரு விஷயம் பிடிபட்டது. அடுப்பில் சாப்பாடு வெந்துகொண்டிருக்கும்வரை வீடு அசையாது. சோறு, கறி, கஞ்சி, என்னவென்றாலும் சரி. இறக்கி வைத்து அடுப்பை அணைத்த பிறகுதான் வீட்டுக்குப் புறப்படுகிற எண்ணம் வரும். ஆட்கள் இதை வைத்துத்தான் நாளை ஓட்டினார்கள். ஆஸ்பத்திரிக்குப் போகிறவர்கள், திரும்பி வரும்வரை பருப்பை மெல்லிய நெருப்பில் விட்டு, பக்கத்து வீட்டாரைக் காவல் வைத்துவிட்டுப் போவார்கள்.

துறைமுகத்தில் பாரந்தூக்கி ஓட்டிய குரூஸ் அண்ணன் என்று ஒருவர் இருந்தார். தனிக்கட்டை, சமைக்கப் பஞ்சி. ஒரு முறை அவருடைய வீடு நல்ல கள்ளுத் தவறணைக்கு எதிரே போய் நின்றுவிட்டது. கும்பிட்ட தெய்வம் கண் திறந்ததென்று நினைத்து, வீட்டை அங்கேயே நிறுத்துவதற்காக ஒரு பெரிய பானையில் வெறும் தண்ணீரை வைத்துக் கொதிக்கவிட்டு, ஒரு பிளா குடிக்கப் போனார். வந்து பார்த்தால் வீடு இல்லை. தேடித் தேடிக் கடைசியில் முகத்துவாரத்தில், மது ஒழிப்புச் சங்கம் ஒன்றின் வாசிகசாலைக்குப் பக்கத்தில் கண்டுபிடித்தோம். வாசற்படியில் குந்தியிருந்து தலையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"ஜீ.எஸ். சேர், மனுசரை ஏமாத்தலாம். பட்டினி கிடக்கிற வீட்டை ஏமாத்தேலாது."

கள்ளன்

ஒருநாள் பட்டப்பகலில், இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒருவன் என்னுடைய கதிரையில் வந்து குந்தி, தனக்கு நீதி வேண்டும் என்றான். வெளியூர்க் கள்ளன். ஆளில்லாத வீடொன்றில் யன்னலால் இறங்கி ஒரு ரேடியோவைத் தூக்கியிருக்கிறான். யன்னலால் வெளியே காலை வைத்தால் பொலிஸ் ஸ்டேசன் முற்றம். சாரம் கட்டி முகம் கழுவிக்கொண்டு நின்ற இன்ஸ்பெக்டர் கையில் ரேடியோவைக் கொடுத்துவிட்டு, "வாசல்ல கிடந்துது சேர்" என்று சொல்லித் தப்பி வந்திருக்கிறான்.

நான் என்ன செய்ய என்று கேட்டேன். வீட்டுக்காரர் மேல் முறைப்பாடு எழுத வேண்டுமாம். களவெடுக்கப் போனவனுக்கு முறைப்பாடு எழுதச் சட்டமில்லை என்றேன். அவனுக்கு உண்மையாகவே மனம் நொந்துபோயிற்று.

"களவு என்ர, ஓம், ஒத்துக்கொள்றன். ஆனா என்னைக் கடத்தினது அந்த வீடெல்லோ?"

ஸ்டெல்லாவின் படிவம்

இனிச் சொல்லப்போவது நான் செய்த பிழை. இன்றைக்கும் நினைத்தால் காது சுடும்.

ஸ்டெல்லா தையல்காரி. புருசன் கப்பலில், வருடத்துக்கு ஒரு முறை வருகிற மனுசன். கொட்டாஞ்சேனையில் ஒரு கன்னியர் மடப் பாடசாலை இருந்தது. அங்கே படிக்கும் பிள்ளைகளுக்கு வெள்ளைச் சட்டை தைத்துக் கொடுப்பதுதான் அவளுடைய சீவியம். மகள் டிலானிக்கு ஐந்து வயது. ஊரார் பிள்ளைகளுக்குப் பத்து வருடமாகத் தைத்த சட்டையைத் தன் பிள்ளைக்கும் ஒன்று தைத்துப் போட வேண்டும் என்பது அவள் ஆசை. முதலாம் வகுப்பு அனுமதி எப்படி என்று கொழும்பில் பிள்ளை வளர்த்தவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. பாடசாலைக்கும் வீட்டுக்கும் எவ்வளவு தூரம் என்று அளப்பார்கள். கிட்ட இருக்கிற பிள்ளைக்கு இடம், தூர இருக்கிற பிள்ளைக்குக் கையை விரிப்பார்கள். அந்த வருடம் தவறினால் பிறகு முதலாம் வகுப்பு இல்லை.

ஸ்டெல்லா படிவத்தைக் கொண்டுவந்து வைத்தாள். ஜீ.எஸ். நிரப்ப வேண்டிய பகுதியில் "பாடசாலையிலிருந்து வதிவிடத்துக்குள்ள தூரம்" என்று ஒரு கட்டம். அதில் "முந்நூறு யார்" என்று, அதாவது முந்நூறு கெஜம் என்று, எழுதிச் சீல் குத்தியிருந்தால் காரியம் முடிந்தது. ஆனால் எனக்கு அப்போது நேர்மை முற்றியிருந்தது. அழகான கையெழுத்தில் இப்படி எழுதினேன்: "நேற்று முந்நூறு யார். இன்று மூன்று மைல். நாளை தெரியாது." படிவம் ஒரு கிழமையில் திரும்பி வந்தது. அந்தக் கட்டத்தைச் சுற்றிச் சிவப்பு மையில் ஒரு வட்டம். கீழே, வருகிற திங்கள், செவ்வாய், புதன் மூன்று நாளில் ஏதாவது ஒரு நாள் நேரில் வந்து வீட்டைப் பார்ப்போம், குறிப்பிட்ட இடத்தில் வீடு இல்லாவிட்டால் விண்ணப்பம் நிராகரிக்கப்படும் என்று இருந்தது. ஸ்டெல்லா அதை இரண்டு தரம் வாசித்தாள். கத்தவில்லை, அழவில்லை. படிவத்தை நாலாக மடித்தபடி கேட்டாள்:

"சேர், உங்களிட்ட உண்மையை எழுதச் சொல்லி ஆர் கேட்டது?"

மூன்று நாள் சாப்பாடு

ஞாயிறு பின்னேரம் ஸ்டெல்லாவின் வீடு தானாகவே கொட்டாஞ்சேனைப் பக்கம் வந்து, பாடசாலை மதிலிலிருந்து முந்நூறு யாரில் நின்றது. கதவைத் திறந்து பார்த்தவள் ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை, ஓடிப்போய் உலையை வைத்தாள். அந்த அடுப்பு புதன்கிழமை வரை அணையக்கூடாது.

திங்கட்கிழமை காலை தோட்டத்துப் பெண்கள் முறை போட்டுக்கொண்டார்கள். சோறு இறங்க முதல் பருப்பு ஏறியது. பருப்பு இறங்க முதல் மரவள்ளிக்கிழங்கு. ஆளுக்கொரு போத்தல் மண்ணெண்ணெய் கொண்டுவந்தார்கள். குரூஸ் அண்ணன், வாழ்க்கையில் முதல்தரமாகத் தேங்காய் துருவினார். சமைத்ததைக் கொட்ட முடியுமா, ஆகவே தோட்டம் முழுக்க அங்கேதான் சாப்பாடு. பியதாச தபாலைப் பிறகு பார்க்கலாம் என்று பந்தியில் இருந்தார். ஸ்டெல்லா மட்டும் ஒன்றும் சாப்பிடவில்லை. ஒரு கையால் கறியைக் கிளறிக்கொண்டு வாசலைப் பார்த்தபடி நின்றாள். திங்கள் ஒருவரும் வரவில்லை. செவ்வாயும் வரவில்லை. ஸ்டெல்லாவுக்கு முகம் கொடுக்க எனக்கு வெட்கமாக இருந்ததால், தந்ததையெல்லாம் நானும் மறுக்காமல் சாப்பிட்டேன். வீட்டுக்குப் போய்ப் பசியில்லை என்று சொன்ன இரண்டாம் நாள், வெள்ளவத்தையில் என் மனைவி சோற்றுக் கோப்பையைத் திருப்பி எடுத்துக்கொண்டு கேட்டாள்:

"நீங்கள் கந்தோருக்குப் போறியளோ, கலியாண வீட்டுக்குப் போறியளோ?"

விசாரணை

புதன்கிழமை பதினொரு மணிக்கு வந்தார்கள், இரண்டு பேர். ஒருவர் அனுமதிக்குப் பொறுப்பான பெரிய மிஸ், கையில் குடை. மற்றவர் ஃபைலைத் தூக்கிக்கொண்டு வந்த லிகிதர். அவர்கள் கண்டது என்ன? வாசலில் கோப்பையோடு இருபது பேர். உள்ளே மூன்று சமையல் கிடாரம், ஒரு மூட்டை வெங்காயம். மூலையில் தையல் மெஷினுக்கு மேலே அப்பளக் கூடை, கீழே நேசரி முடிந்து வந்த டிலானி. லிகிதர் அங்கேயே பேனையைத் திறந்து, "இது வீடில்லை மிஸ், சாப்பாட்டுக் கடை" என்றார். கடையை வதிவிடமாகக் காட்டினால் விண்ணப்பம் அவ்விடத்திலேயே குப்பைக்குத்தான். மூன்று நாள் அடித்துப் பிடித்து நிறுத்திய வீட்டை, அந்த நிறுத்தலே கவிழ்த்துவிட்டது.

ஸ்டெல்லா உள்ளதைச் சொன்னாள். அடுப்பை அணைத்தால் வீடு போய்விடும், அதனால்தான் சமைக்கிறோம் என்றாள். பெரிய மிஸ் குடையை ஊன்றிக்கொண்டு நின்றார். "கனகாலமா நான் இந்த இன்ரவியூ செய்றன். ரெண்டு நாளைக்கு வாடகைக்கு எடுத்த கட்டிலைப் பார்த்தன். அடுத்த வீட்டுக்காரன்ர பெயர்ப்பலகையைக் கழட்டிக் கொழுவினவையைப் பார்த்தன். இப்பிடி ஒரு பொய்யை இண்டைக்குத்தான் பார்க்கிறன். அடுப்பை நிப்பாட்டும், இது வீடெண்டால் வீடாவே இருக்கும்." ஸ்டெல்லா என்னைப் பார்த்தாள். நிறுத்தாவிட்டால் கடை, நிறுத்தினால் எந்த ஊரோ. இரண்டும் என்னுடைய மூன்று வரியால் வந்த வினை. அவளே குனிந்து திரியை இறக்கினாள். "சேர் எழுதினது உண்மை மிஸ். நீங்களும் பாருங்கோ" என்றாள்.

கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு வெளியே கேட்டுக்கொண்டிருந்த சனத்தின் சத்தம், ரேடியோவைக் குறைத்த மாதிரிக் குறைந்தது. லிகிதர் கதவைத் திறந்தார். புல்லுக்காணி. அதற்கு அப்பால் கம்பிவேலி, அதற்கும் அப்பால் ஒரு சிறிய விமானம் எழும்பிப் போய்க்கொண்டிருந்தது. இரத்மலானை. லிகிதர் படியில் அப்படியே குந்திவிட்டார். பெரிய மிஸ் திரும்பி வந்து, கதிரையில் இருந்து, ஒரு கிளாஸ் தண்ணீர் கேட்டார். குடித்து முடித்த பிறகு மெதுவாக, "அப்ப பிள்ளையை நேசரிக்கு எப்பிடிக் கொண்டுபோறனீர்?" என்றார்.

"விடியக் கதவைத் திறந்து எங்க நிக்கிறம் எண்டு பார்ப்பம் மிஸ். பார்த்திட்டு வெளிக்கிடுவம். தூரமெண்டால் வெள்ளனவே ஓடுவம். ஒரு நாளும் பிந்தினதில்லை." இதற்கு நான் சாட்சி. அந்த நேசரியின் வரவு இடாப்பில் மாதாமாதம் கையெழுத்து வைப்பது நான்தான். டிலானியின் பெயருக்கு நேரே, பிந்தினதற்குப் போடும் சிவப்புப் புள்ளி ஒன்றுகூடக் கிடையாது. அதை நான் சொன்னேன். அன்றைக்கு நான் வாய் திறந்து சொன்ன உருப்படியான விஷயம் அது ஒன்றுதான்.

ஐந்து பேரும் கொட்டாஞ்சேனைக்குத் திரும்பக் காலி வீதியில் பஸ் ஏறினோம். வெள்ளவத்தைச் சந்தையடியில் நெரிசலில் பஸ் அரைமணி நேரம் நின்றது. என் வீடு அங்கிருந்து கூப்பிடு தூரம். இறங்க மனம் வரவில்லை. டிலானி யன்னலோரத்தில் பெரிய மிஸ்ஸுக்குப் பக்கத்தில் இருந்தாள். அடுத்த ஹோல்ட் எது, அதற்கடுத்தது எது, எங்கே இறங்கினால் எந்த பஸ் பிடிக்கலாம் என்று கோட்டை வரைக்கும் ஒப்புவித்துக்கொண்டு வந்தாள். அந்த வயதில் எனக்கு என் வீட்டுப் படலை தெரியும், வேறொன்றும் தெரியாது. மிஸ்ஸுக்குத் தன் தொழில் நினைவு வந்திருக்க வேண்டும். நேர்முகத்துக்கு வரும் எல்லாப் பிள்ளைகளிடமும் முதலில் கேட்கிற கேள்வியை இவளிடமும் கேட்டார். "மகள், உங்கட வீடு எங்க இருக்கு?"

டிலானி யன்னலை விட்டுத் திரும்பினாள். விளங்காத கேள்வியைக் கேட்ட பெரிய ஆளிடம் பேசுவது போலப் பொறுமையாகக் கேட்டாள்:

"இண்டைக்கா மிஸ்?"

பெரிய மிஸ் சிரிக்கத் தொடங்கினார். குடைப்பிடியை வாயில் வைத்து மறைத்துக்கொண்டு, கண்ணால் தண்ணீர் வரும்வரை சிரித்தார். முன் சீற்றில் இருந்த லிகிதர் திரும்பி, வதிவிடம் என்ற இடத்திலும் தூரம் என்ற இடத்திலும் என்ன எழுதுவது என்று கேட்டார். "ஜீ.எஸ். எழுதினதை அப்பிடியே விடும்" என்றார் மிஸ். அடுத்த மாதம் பாடசாலை வாசலில் ஒட்டிய பட்டியலில் டிலானியின் பெயர் இருந்தது. ஸ்டெல்லா அதை விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு, அங்கேயே நிலத்தில் குந்தி அழுதாள். மூன்று நாள் அடுப்படியில் நின்றபோது வராத அழுகை. பக்கத்தில் நின்ற எனக்கும் கண் கலங்கியது. அவள் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள்:

"சேர், சட்டை தைக்கவேணும். வாங்கோ, வீடு எங்க நிக்குதெண்டு பார்ப்பம்."

ஆகவே என்னைப் போலச் சீலும் கையுமாக இருக்கும் சக ஜீ.எஸ்.மாரே, வதிவிட அத்தாட்சியில் தாராளமாக உண்மையை எழுதுங்கள், ஆனால் எழுத முதல், அடுப்பை அணைத்துக் காட்டத் துணிந்த ஒரு தாய்தான் எதிரே இருக்கிறாளா என்று ஒரு தரம் நிமிர்ந்து பார்த்துக்கொள்ளுங்கள்.